எண்ணும் குரலும்: அவுஸ்திரேலிய ஒலிபரப்பு உரிமப் பதிவேடுகளில் தமிழின் இடம்

முன்னுரை

புலம்பெயர்ந்த தமிழரின் ஒலிபரப்பு வரலாறு இதுவரை பெரும்பாலும் நினைவுக் குறிப்புகளாகவே எழுதப்பட்டுள்ளது. நிலையங்களைத் தொடங்கியவர்கள், அறிவிப்பாளர்கள், நாடகங்களிலும் செய்தியறிக்கைகளிலும் குரல் கொடுத்தவர்கள் ஆகியோரின் அனுபவங்களே அதன் மூலங்கள். அவை இன்றியமையாதவை. ஆயினும் எந்த ஒலிபரப்பும் ஒரு நாட்டின் அலைவரிசைச் சட்டத்துக்கு உட்பட்டே நிகழ்கிறது. அதற்கு ஓர் உரிமம் வேண்டும். உரிமத்துக்கு ஒரு விண்ணப்பம் வேண்டும். விண்ணப்பிப்பவர் முதலில் ஒழுங்குமுறை ஆணையத்தின் கணக்கில் ஓர் அடையாள எண்ணைப் பெற்றாகவேண்டும். அந்த எண்ணின் கீழேயே பிற்பாடு உரிமங்களும் நிலையிடங்களும் அலைவரிசைகளும் வரிசையாக வந்து சேர்கின்றன.

இந்த எண் யாருக்குக் கிடைத்தது, யாருக்குக் கிடைக்கவில்லை, அதனால் பின்வரும் ஆய்வாளருக்கு எது தெரிகிறது, எது மறைகிறது என்பதே இக்கட்டுரையின் பொருள். சிட்னி, மெல்பேர்ண் ஆகிய இரு நகரங்களை மையமாகக் கொண்டு இவ்வினா ஆராயப்படுகிறது. அவுஸ்திரேலியாவின் உரிமப் பதிவேடுகள் கருவியையும் அதற்குப் பொறுப்பானவரையும் குறிக்கின்றனவேயன்றி மொழியைக் குறிப்பதில்லை. தமிழ் ஒலிபரப்பின் பெரும்பகுதி பிறரது உரிம எண்ணின் கீழ் நடந்தமையால் அரசு ஆவணங்களில் அது ஏறத்தாழக் காணக்கிடைக்காத ஒன்றாயிற்று என்பது இங்கு முன்வைக்கப்படும் கருத்து.

1. கேட்பவரைப் பதிந்த காலம்

அவுஸ்திரேலியக் கூட்டரசு கம்பியில்லாத் தந்திச் சட்டத்தை 1905ஆம் ஆண்டில் இயற்றியது. அலைவழித் தொடர்பின் மீதான முழு அதிகாரமும் அதன் வழியே அஞ்சல் துறைத் தலைவரிடம் சென்றது. ஒலிபரப்பு என்னும் சொல் வழக்குக்கு வருமுன்னரே உரிமம் வந்துவிட்டது. 1923இல் தொடங்கிய முத்திரையிட்ட வானொலித் திட்டத்தில் கேட்பவர் எந்த நிலையத்துக்குப் பணம் செலுத்தினாரோ அந்த நிலையத்தை மட்டுமே அவரது பெட்டி பெறும். மக்கள் அதை விரும்பவில்லை. 1924இல் அத்திட்டம் கைவிடப்பட்டு, கேட்போர் கட்டணத்தால் இயங்கும் ஏ வகுப்பு நிலையங்களும் விளம்பரத்தால் இயங்கும் பி வகுப்பு நிலையங்களும் தோன்றின. வானொலிப் பெட்டி வைத்திருக்கும் ஒவ்வோர் இல்லமும் உரிமம் பெறவேண்டும் என்ற விதி மட்டும் அரை நூற்றாண்டு நீடித்தது.

இவ்விதி தமிழருக்குப் புதியதன்று. இந்தியாவில் 1885ஆம் ஆண்டின் தந்திச் சட்டமும் 1933ஆம் ஆண்டின் கம்பியில்லாத் தந்திச் சட்டமும் வானொலிப் பெட்டியை உரிமப் பொருளாக்கியிருந்தன. அஞ்சலகம் வழங்கிய சிறு புத்தகத்தில் ஆண்டுதோறும் பணம் செலுத்தி முத்திரை பெற்றுவந்த தலைமுறையொன்று தமிழகத்தில் இருந்தது. இலங்கையில் வானொலி அனுமதிப்பத்திரம் என்ற சொல் வீட்டு வழக்காகவே இருந்தது. இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவையைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அலைவரிசை தொடர்பான அரசுப் பதிவு என்பது கேட்பவரைப் பதிவதாகவே அறிமுகமாகியிருந்தது. பேசுபவர் அரசாகவே இருந்தமையால் அவரைப் பதியும் தேவை எழவில்லை.

அவுஸ்திரேலியாவில் கேட்போர் உரிமம் 1974 செப்டெம்பரில் ஒழிக்கப்பட்டது. வெள்ளை அவுஸ்திரேலியக் கொள்கையின் எஞ்சிய கூறுகள் அதற்கு முந்தைய ஆண்டில் நீக்கப்பட்டிருந்தன. தமிழர் கணிசமான எண்ணிக்கையில் இந்நாட்டுக்கு வரத்தொடங்கிய காலமும், கேட்பவரைப் பதியும் முறை முடிந்த காலமும் இவ்வாறு ஒன்றையொன்று ஒட்டி அமைந்தன. 1983க்குப் பின் இலங்கையிலிருந்து வந்தவர்கள், கேட்பதற்கு எவ்வித எண்ணும் வேண்டாத, ஒலிபரப்புவதற்கு மட்டும் எண் வேண்டிய ஒரு நாட்டில் இறங்கினர். அவர்களுக்கு அறிமுகமான முறை தலைகீழாகியிருந்தது.

2. மொழிக்கு இடப்பட்ட அளவு

ஆங்கிலமல்லாத மொழிகளின்பால் ஒழுங்குமுறையாளர் காட்டிய அணுகுமுறையை இங்கு நோக்குதல் வேண்டும். இரண்டாம் உலகப் போருக்குப்பின் ஐரோப்பியக் குடியேறிகள் பெருந்தொகையாக வந்தபோது, அவுஸ்திரேலிய ஒலிபரப்புக் கட்டுப்பாட்டு வாரியம் வணிக நிலையங்களின் பிறமொழி ஒலிபரப்புக்கு வரம்பு விதித்தது. 1950களில் அவ்வரம்பு மொத்த ஒலிபரப்பு நேரத்தில் 2.5 விழுக்காடு. பேசப்பட்டவற்றின் ஆங்கில மொழிபெயர்ப்பும் உடன் வரவேண்டும் என்று எதிர்பார்க்கப்பட்டது. வரம்பு பின்னர் தளர்த்தப்பட்டு 1970களின் முற்பகுதியில் நீங்கியது. உரிமத்தின் நிபந்தனைகளில் மொழி வெளிப்படையாக இடம்பெற்ற காலம் இது. ஆனால் அது கட்டுப்படுத்தப்படவேண்டிய ஒன்றாகவே இடம்பெற்றது.

1975 ஜூன் 9 அன்று சிட்னியில் 2இஏ நிலையமும் ஜூன் 23 அன்று மெல்பேர்ணில் 3இஏ நிலையமும் சோதனை முறையில் தொடங்கின. மெடிபாங்க் என்னும் புதிய பொதுச் சுகாதாரக் காப்புறுதித் திட்டத்தைக் குடியேறிகளுக்கு அவரவர் மொழியில் விளக்குவது அவற்றின் உடனடி நோக்கம். சிட்னியில் ஏழு மொழிகளும் மெல்பேர்ணில் எட்டு மொழிகளும் இடம்பெற்றன. தமிழ் அவற்றுள் இல்லை. நிலையப் பெயர்களில் உள்ள 2, 3 என்னும் எண்கள் நியூ சவுத் வேல்ஸ், விக்ரோரியா மாநிலங்களைக் குறிப்பவை. 1920களின் இறுதியில் பன்னாட்டு உடன்பாட்டின்படி அவுஸ்திரேலியாவுக்கு விகே என்னும் முன்னொட்டு வழங்கப்பட்டபோது, தன்னார்வ வானொலியாளரின் அழைப்புக் குறியீட்டிலும் அதே மாநில எண்கள் தொடர்ந்தன. ஓர் அவுஸ்திரேலிய நிலையத்தின் பெயரைக் கேட்டவுடன் அது எம்மாநிலத்தது என்பது விளங்கும். அது யாருடையது, எம்மொழியினது என்பது விளங்காது. இந்த இயல்பு பின்வந்த பதிவேடுகளிலும் தொடர்ந்தது.

1978 ஜனவரி 1 அன்று சிறப்பு ஒலிபரப்புச் சேவை என்னும் எஸ்பிஎஸ் சட்டப்படி நிறுவப்பட்டு இவ்விரு நிலையங்களையும் பொறுப்பேற்றது. இதற்கு இணையாக மற்றொரு வழியும் திறந்தது. 1905ஆம் ஆண்டின் அதே பழைய சட்டத்தைப் பயன்படுத்தி, 1970களின் நடுப்பகுதியில் சமூக நிலையங்களுக்கு உரிமம் வழங்கும் நடைமுறை உருவாயிற்று. மெல்பேர்ணின் 3சிஆர் 1976இல் ஒலிபரப்பைத் தொடங்கியது. அந்நகரின் பன்மொழிச் சமூக நிலையமான 3இசட்இசட்இசட் 1989இல் தொடங்கியது. சிட்னியில் 1990களில் 2000எஃப்எம் அத்தகைய பணியை ஏற்றது.

3. 1992ஆம் ஆண்டுச் சட்டமும் இரட்டைப் பதிவும்

இன்றைய அமைப்பின் அடித்தளம் 1992ஆம் ஆண்டின் ஒலிபரப்புச் சேவைகள் சட்டம். அவ்வாண்டு அக்டோபர் 5 அன்று நடைமுறைக்கு வந்த இச்சட்டம் ஒலிபரப்பைத் தேசிய, வணிக, சமூக, சந்தா, குறுநோக்குச் சேவைகள் என வகைப்படுத்தியது. அதே ஆண்டில் இயற்றப்பட்டு 1993 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த வானலைத் தொடர்புச் சட்டம் அலைவரிசையையும் அனுப்பும் கருவியையும் தனியே ஆண்டது. முதற் சட்டத்தை அவுஸ்திரேலிய ஒலிபரப்பு ஆணையமும், இரண்டாவதை 1997 முதல் அவுஸ்திரேலியத் தொடர்பாடல் ஆணையமும் நிருவகித்தன. 2005 ஜூலை 1 அன்று இரண்டும் இணைந்து இன்றைய அவுஸ்திரேலியத் தொடர்பாடல், ஊடக ஆணையம் ஆயின.

ஒலிபரப்ப விரும்பும் ஒரு தமிழ்ச் சங்கத்தின் முன்னால் இச்சட்டங்கள் இரண்டு வாசல்களை வைத்தன.

முதல் வாசல் சமூக ஒலிபரப்பு உரிமம். விண்ணப்பிப்பவர் தனியாளாக இருத்தலாகாது. ஒரு சமூகத்தின் நலனைப் பிரதிநிதித்துவப்படுத்தும், இலாப நோக்கற்ற, பதிவுபெற்ற நிறுவனமாக இருத்தல் வேண்டும். விண்ணப்பங்களைச் சீர்தூக்குகையில் அப்பகுதிச் சமூகத்தின் தேவைகள், அங்கு ஏற்கெனவே கிடைக்கும் சேவைகளின் இயல்பும் பன்மையும், விண்ணப்பதாரரின் ஆற்றல் முதலியவற்றை ஆணையம் கருதவேண்டும் என்று சட்டம் கூறுகிறது. வணிக விளம்பரம் கூடாது; ஆதரவாளர் அறிவிப்புகள் ஒரு மணி நேரத்தில் ஐந்து நிமிடத்துக்கு மேற்படலாகாது.

இவ்வாசல் கோட்பாட்டில் அகன்றது. நடைமுறையில் அலைவரிசைப் பற்றாக்குறையால் குறுகியது. 2001இல் சிட்னி நகர் முழுமைக்குமான மூன்று சமூக உரிமங்கள் வழங்கப்பட்டபோது அவற்றை எஃப்பிஐ, முஸ்லிம் சமூக வானொலி, பூர்வகுடி மக்களின் கடிகல் தகவல் சேவை ஆகியன பெற்றன. அதே ஆண்டில் மெல்பேர்ணில் இளையோர், பூர்வகுடியினர், கிறித்தவர், ஓரினச் சேர்க்கையாளர் ஆகியோரின் நிலையங்கள் உரிமம் பெற்றன. பல மில்லியன் மக்கள் வாழும் நகரொன்றில் ஒரு தலைமுறைக்கு ஒருமுறை மூன்று நான்கு இடங்கள் திறக்கும்போது ஒரு தனி மொழிச் சமூகம், அதுவும் அன்று எண்ணிக்கையில் சிறிய ஒன்று, தன் பெயரில் நிரந்தர உரிமம் பெறும் வாய்ப்பு மிகக் குறைவு. ஏற்கெனவே கிடைக்கும் சேவைகளின் பன்மை என்னும் அளவுகோலில் பன்மொழி நிலையங்களின் இருப்பும் எடைபோடத்தக்கதாயிற்று.

இரண்டாம் வாசல் திறந்த குறுநோக்கு ஒலிபரப்பு. சிறப்பு ஆர்வக் குழுவொன்றை நோக்கியோ, வரையறுத்த இடத்துக்கோ, வரையறுத்த காலத்துக்கோ அமையும் சேவை இது. இதில் உள்ளடக்கத்துக்குத் தனி உரிமம் இல்லை. வகுப்பு உரிமம் என்னும் பொது அனுமதியின் நிபந்தனைகளுக்கு அடங்கும் எவரும் சேவை நடத்தலாம். தம் சேவை இவ்வகையுள் அடங்குமா என்று ஐயுறுபவர் சட்டத்தின் 21ஆம் பிரிவின் கீழ் ஆணையத்தின் கருத்தைக் கேட்கலாம். ஆனால் அனுப்பும் கருவிக்கு வானலைத் தொடர்புச் சட்டத்தின் கீழ் தனி உரிமம் தேவை. அங்கேதான் விண்ணப்பதாரர் அடையாள எண் பெறுகிறார்.

அந்நடைமுறை எளியது. தனியாளாயின் பெயர், முகவரி, அடையாளச் சான்று. நிறுவனமாயின் அதன் சட்டப் பெயர், பதிவு எண், பொறுப்பாளர் விவரம் ஆகியவற்றை ஆணையத்திடம் அளிக்கவேண்டும். முன்னர் தாள் படிவத்தில் நடந்தது இன்று இணையவழிக் கணக்கில் நடக்கிறது. வாடிக்கையாளர் எண் ஒருமுறை வழங்கப்பட்டால் பின்வரும் உரிமங்கள் அனைத்தும் அதனோடு இணைக்கப்படும். வானலை உரிமங்களின் பதிவேடு பொதுமக்கள் பார்வைக்குத் திறந்தது. உரிமதாரர் பெயர், உரிம எண், அழைப்புக் குறியீடு, நிலையிடம் ஆகிய எதைக்கொண்டும் அதில் தேடலாம். அலைவரிசையையும் ஆற்றலையும் காணலாம். அச்சாதனம் எம்மொழியில் பேசுகிறது என்பதற்கு அதில் ஓர் இடமும் இல்லை.

ஆகவே குறுநோக்கு முறையில் இயங்கும் ஒரு தமிழ்ச் சேவையின் நிலை வருமாறு அமைகிறது: பேச்சு வகுப்பு உரிமத்தின் பொதுமைக்குள் அடங்கிவிடுகிறது, கோபுரம் மட்டும் எண் பெறுகிறது.

4. விருந்தினர் நிலை

இரண்டாம் வாசலின் பயனும் வரம்புக்குட்பட்டதே. 87.5 முதல் 88 மெகாஹேர்ட்ஸ் வரையிலான பட்டையில் வழங்கப்படும் குறைந்த ஆற்றல் உரிமங்களுக்குக் குடியிருப்புப் பகுதியில் 1 வாட்டும் பிற இடங்களில் 10 வாட்டுமே உச்சவரம்பு. இத்தகைய அலை சில கிலோமீற்றர் தொலைவுக்கு மேல் தெளிவாகச் செல்லாது. ஒரு சுற்றுலாத் தலத்துக்கோ ஒரே புறநகரில் செறிந்து வாழும் சமூகத்துக்கோ அது போதும். சிட்னித் தமிழர் ஹோம்புஷ், வெஸ்ற்மீட், வென்ற்வேர்த்வில், பென்டில் ஹில், தூங்காபி எனத் தொடருந்துப் பாதை வழியே பரந்தும், அதற்கு அப்பாலும் வாழ்ந்தனர். மெல்பேர்ணில் டன்டினோங் முதல் நகரின் வடக்கு, மேற்கு எல்லைகள் வரை குடியிருப்புகள் சிதறியிருந்தன. ஒரு வாட்டு அலையால் இவர்களை ஒருங்கிணைக்க இயலாது. உயர் ஆற்றல் குறுநோக்கு உரிமங்களோ விலை அடிப்படையில், அதாவது ஏலத்தின் வழியே, ஒதுக்கப்பட்டன. எண்ணிக்கையிலும் வணிக வலிமையிலும் மூத்த சமூகங்களாகிய இத்தாலியரும் கிரேக்கரும் நகரளாவிய தனிமொழி நிலையங்களை நிறுவ முடிந்தமைக்கு இதுவும் ஒரு காரணம்.

தமிழர் பிறர் எண்ணின் நிழலில் ஒலிபரப்பினர். ஒரு சமூக நிலையத்தில் வாரத்துக்கு ஒன்றோ சிலவோ மணிநேரம் பெறுவது வழக்கமான முறை. 3இசட்இசட்இசட் போன்ற நிலையங்களில் ஒவ்வொரு மொழிக்கும் ஒரு குழு உண்டு. உறுப்பினர் சந்தாவும் ஆண்டு நிதி சேகரிப்பும் அக்குழுவின் கடமை. எஸ்பிஎஸ் தமிழ்ச் சேவை அரசு நிறுவனத்தின் குடையின் கீழ் இயங்கிற்று. அவுஸ்திரேலியத் தமிழ் ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் போன்ற தனித் தமிழ் முயற்சிகளும் தோன்றின. கூட்டுத்தாபனம் என்ற சொல் இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனத்தை நினைவூட்டுவது. ஒரு புறநகர்ச் சமூகம் தன் முயற்சிக்கு ஒரு தேசிய நிறுவனத்தின் சொல்லைத் தேர்ந்துகொண்டமை, பதிவேடு வழங்காத தகுதியைப் பெயரால் நிலைநாட்டும் விருப்பம் எனக் கொள்ளத்தக்கது.

விருந்தினர் நிலையின் சட்டப் பொருளை இங்கு தெளிவுபடுத்தல் வேண்டும். உரிமம் பெற்ற நிலையத்தில் ஒலிப்பன அனைத்துக்கும் பொறுப்பு உரிமதாரருடையது. தமிழ் நிகழ்ச்சியொன்றின் மீது முறைப்பாடு எழுமாயின் விசாரணை நிலையத்தின் பெயரிலேயே நடைபெறும். உரிமம் புதுப்பிக்கப்படும்போது அந்நிலையம் தன் மொழிப் பன்மையைச் சான்றாகக் காட்டலாம். தமிழ்க் குழு அந்நடைமுறையில் ஒரு தரப்பாக அமைவதில்லை. ஒரு மொழிக்குழுவின் நேரம் குறைக்கப்பட்டாலோ மாற்றப்பட்டாலோ அது நிலையத்தின் உள்விவகாரம். ஆணையத்தின் பதிவேட்டில் அதற்கு ஒரு வரியும் இல்லை. இருபது ஆண்டுகள் வாரந்தோறும் ஒலித்த தமிழ் நிகழ்ச்சி ஒன்று நின்றுபோனாலும் அரசு ஆவணத்தில் எதுவும் மாறுவதில்லை.

5. எண்ணும் அச்சமும்

இவ்விருந்தினர் நிலையை முழுவதும் இழப்பாகக் காண்பது வரலாற்றுக்குப் பொருந்தாது. இலங்கையிலிருந்து வந்தோரின் அனுபவத்தில் அரசுப் பதிவுக்கு மற்றொரு பொருளும் இருந்தது. 1968ஆம் ஆண்டின் ஆட்பதிவுச் சட்டத்தின் வழிவந்த தேசிய அடையாள அட்டை, போர்க்காலத்தில் சோதனைச் சாவடியின் கருவியாயிற்று. கொழும்பில் தங்கிய தமிழர் காவல்நிலையத்தில் தம்மைப் பதிவு செய்யவேண்டியிருந்தது. எண், பெயர், முகவரி ஆகிய மூன்றும் ஓர் அரசுக் கோப்பில் ஒருங்கே இருப்பது பாதுகாப்பைக் குறிக்கவில்லை. கைது செய்யப்படக்கூடும் என்பதைக் குறித்தது.

அத்தகைய அனுபவத்துடன் வந்த ஒருவர், எவரும் தேடிப்பார்க்கக்கூடிய பொதுப் பதிவேட்டில் தம் பெயரும் முகவரியும் இடம்பெறும் படிவத்தில் கையொப்பமிடத் தயங்குவது இயல்பு. தாயகத்தில் உறவினர் வாழ, போர் பற்றிய செய்தியை வாரந்தோறும் வாசிக்கும் அறிவிப்பாளர்களுக்கு ஒரு பன்மொழி நிலையத்தின் பொது எண் ஓரளவு காப்பாகவும் அமைந்தது. அதே வேளை, அவுஸ்திரேலிய ஒழுங்குமுறையில் எண் என்பது உரிமையின் அடையாளம். எண் உடையவர் மேன்முறையீடு செய்யலாம், இடையூறு நேர்ந்தால் காப்புக் கோரலாம், புதுப்பிக்கக் கேட்கலாம். ஒரே செயல் ஓரிடத்தில் அச்சமாகவும் மற்றோரிடத்தில் உரிமையாகவும் இருந்த நிலையில், இரண்டாவதை ஏற்றுக்கொள்ள முதற் தலைமுறைக்குக் காலம் தேவைப்பட்டது. அந்தக் காலமே அலைவரிசைகள் ஒதுக்கப்பட்ட காலமாகவும் இருந்தது.

6. மொழி பெயர் பெறும் இடங்கள்

உரிமப் பதிவேடு குறிக்காத மொழியை அவுஸ்திரேலிய அரசு வேறோர் இடத்தில் எண்ணுகிறது. அது ஐந்தாண்டுக்கு ஒருமுறை நடைபெறும் குடிசன மதிப்பீடு. வீட்டில் தமிழ் பேசுவோர் எனத் தம்மைப் பதிந்தவர்கள் 2011இல் 50,151 பேர். 2016இல் 73,161 பேர். 2021இல் 95,404 பேர். பத்தாண்டில் ஏறத்தாழ இருமடங்கான வளர்ச்சி இது. எஸ்பிஎஸ் 2013இல் தன் வானொலி நேர அட்டவணையை மாற்றியமைத்தபோது 2011ஆம் ஆண்டு மதிப்பீட்டின் மொழித் தொகைகளை அடிப்படையாகக் கொண்டது. எந்த மொழிக்கு எவ்வளவு நேரம் என்ற வினாவுக்கு உரிம எண் விடை தரவில்லை. குடிசன எண் தந்தது. குடிசன மதிப்பீடு நெருங்கும்போதெல்லாம் மொழிக்கான கட்டத்தில் தமிழ் என எழுதுமாறு தமிழ் அமைப்புகள் மக்களைக் கேட்டுக்கொள்வதன் காரணம் இதுவே. தமிழ்ச் சமூகம் இவ்வெண்ணின் பயனை உணர்ந்து செயற்பட்டது. உரிமப் பதிவின் பயனை அவ்வாறு உணரவில்லை.

கனடாவின் முறை இங்கு ஒப்பிடத்தக்கது. கனேடிய வானொலி தொலைக்காட்சி, தொலைத்தொடர்பு ஆணையம் 1985இல் இனக்குழு ஒலிபரப்புக் கொள்கையை வெளியிட்டு 1999இல் அதைத் திருத்தியது. அதன்படி பன்மொழி நிலையமொன்றின் உரிம நிபந்தனைகளிலேயே எத்தனை பண்பாட்டுக் குழுக்களுக்கு, எத்தனை மொழிகளில் ஒலிபரப்பவேண்டும் என்பது குறிக்கப்படுகிறது. தொறொன்ரோவின் 101.3 சிஎம்ஆர் போன்ற நிலையங்கள் இம்முறையின் கீழ் தமிழுக்குப் பெரும் இடம் அளித்தன. உரிமத் தீர்ப்புகளை வாசிப்பதன் வழியே கனடாவில் தமிழ் ஒலிபரப்பின் வளர்ச்சியை ஓரளவேனும் தொடரலாம். அமெரிக்கக் கூட்டரசுத் தொடர்பாடல் ஆணையம் 2001 முதல் தன்னுடன் தொடர்புகொள்ளும் ஒவ்வொருவரும் பத்து இலக்கப் பதிவெண் பெறவேண்டும் என விதித்தது. அந்த எண்ணும் அவுஸ்திரேலிய எண்ணைப் போலவே ஆளைக் குறிப்பது, மொழியைக் குறிப்பதன்று. மொழியைப் பதிவுசெய்வது ஒழுங்குமுறையாளருக்கு இயலாத செயலன்று. அது கொள்கைத் தெரிவு என்பதைக் கனடாவின் எடுத்துக்காட்டு காட்டுகிறது.

மொழியைக் குறிக்காத பதிவேட்டுக்கு ஆதரவான நியாயமும் உண்டு. 1950களின் 2.5 விழுக்காட்டு விதியை அறிந்த எவரும், உரிமத்தில் மொழியின் பெயர் எழுதப்படுவது எப்போதும் நன்மைக்கே என்று கூறமாட்டார். பெயர் குறித்தபின்தான் அளவு விதிக்க முடியும். 1992ஆம் ஆண்டுச் சட்டம் மொழிபற்றி வாளாவிருப்பது அந்தப் பழைய கட்டுப்பாட்டிலிருந்து விலகியதன் விளைவாகவும் கொள்ளத்தக்கது.

7. பதிவேட்டுக்கு வெளியே

2000ஆம் ஆண்டில் அவுஸ்திரேலிய அரசு, இணையவழி ஒலியோட்டம் சட்டத்தின் பொருளில் ஒலிபரப்புச் சேவையன்று எனத் தீர்மானித்தது. அதன்படி இணைய வானொலிக்கு ஒலிபரப்பு உரிமம் தேவையில்லை. அலைவரிசைப் பற்றாக்குறையால் தடுக்கப்பட்ட தமிழ்ச் சமூகத்துக்கு இது விடுதலையாக அமைந்தது. சிட்னியின் ஓர் அறையிலிருந்து யாழ்ப்பாணத்துக்கும் இலண்டனுக்கும் ஒரே நேரத்தில் பேச முடிந்தது. அதே வேளை, கோபுரத்தின் வழியாக எஞ்சியிருந்த அரசுப் பதிவும் இல்லாதுபோயிற்று.

பிற துறைகளில் ஒழுங்குமுறையாளரின் பதிவேடு எதிரெதிர்த் திசைகளில் நகர்கிறது. தன்னார்வ வானொலியாளர் 2024 பெப்ரவரியில் தனி உரிமத்திலிருந்து வகுப்பு உரிமத்துக்கு மாற்றப்பட்டனர். அவர்களுக்கு இன்று எஞ்சியிருப்பது தகுதிச் சான்றும் அழைப்புக் குறியீடுமே. குறுஞ்செய்தியின் நிலை இதற்கு மாறானது. எண்ணுக்குப் பதிலாகப் பெயர் தோன்றுமாறு செய்தி அனுப்பும் நிறுவனங்கள் அப்பெயரை ஆணையத்தின் பதிவேட்டில் பதியவேண்டும் எனவும், 2026 ஜூலை 1 முதல் பதியாத பெயரில் வரும் செய்தி சரிபார்க்கப்படாதது எனக் குறிக்கப்படும் எனவும் புதிய ஏற்பாடு கூறுகிறது. மோசடியைத் தடுப்பது இதன் நோக்கம். திருவிழாவுக்கும் பள்ளி விடுமுறைக்கும் உறுப்பினர்களுக்குத் தம் பெயரில் செய்தி அனுப்பும் கோயில்களும் தமிழ்ப் பள்ளிகளும் சங்கங்களும் இவ்விதியின் எல்லைக்குள் வரும். நாற்பது ஆண்டுகளாக வானலையில் பிறர் எண்ணின் கீழ் இருந்த அமைப்புகள், தம் சொந்தப் பெயரை ஆணையத்தின் ஏட்டில் முதன்முறையாகப் பதியும் வாய்ப்பு ஒலிபரப்பின் வழியாக அன்றிக் குறுஞ்செய்தியின் வழியாக வருகிறது.

முடிவுரை

ஒலிபரப்புச் சேவைகள் சட்டத்தின் இரண்டாம் அட்டவணை, அரசியல் அல்லது நடப்பு விவகாரம் பற்றி ஒலித்தவற்றின் பதிவை ஒலிபரப்பாளர் ஆறு வாரம் வைத்திருக்கவேண்டும் என்கிறது. முறைப்பாடு எழுந்தால் அறுபது நாள். சட்டம் கோரும் நினைவு அவ்வளவே. அதன்பின் ஒலிநாடாவை அழிக்கலாம், அதன்மேல் வேறொன்றைப் பதியலாம். வசதி குறைந்த சமூக நிலையங்களிலும் வீட்டு அறைகளிலும் அதுவே நடைமுறையாயிற்று. 1980களிலும் 1990களிலும் ஒலித்த போர்ச்செய்திகள், மரண அறிவித்தல்கள், சிறுவர் நிகழ்ச்சிகள், நேயர் அழைப்புகள் ஆகியவற்றுள் இன்று எஞ்சுவன பெரும்பாலும் தனியாரின் ஒலிப்பேழைகளிலேயே உள்ளன. அவற்றின் காந்தப்பூச்சு ஆண்டுதோறும் உதிர்கிறது. அவற்றை அடையாளம் காட்டக்கூடியவர்களும் முதுமை எய்திவிட்டனர்.

ஆய்வாளர் செய்யத்தக்கன மூன்று. முதலாவது, அரசுக் கோப்புகளைத் தமிழின் பெயரால் அன்றி, இடமளித்த நிலையங்களின் பெயரால் தேடுதல். ஆவணக் காப்பகச் சட்டத்தின்படி அவுஸ்திரேலிய அரசு ஆவணங்கள் இருபது ஆண்டுகளின் பின் பார்வைக்குத் திறக்கும் காலத்தை அடைகின்றன. ஒலிபரப்பு ஆணையம் இயங்கிய 1992 முதல் 2005 வரையிலான கோப்புகள் இப்போது அந்தக் காலத்தை எட்டியுள்ளன. நிலையங்களின் விண்ணப்பங்களோடு இணைந்த ஆதரவுக் கடிதங்களிலும் நிகழ்ச்சி அட்டவணைகளிலும் மொழிக்குழுக்களின் சுவடுகளை எதிர்பார்க்கலாம். இரண்டாவது, மொழிக்குழுக்களின் கூட்டக் குறிப்புகள், சந்தாப் பட்டியல்கள், நிகழ்ச்சிக் குறிப்பேடுகள் ஆகியவற்றை ஆவணங்களாக மதித்துச் சேகரித்தல். நூலகம் நிறுவனம் போன்ற எண்ணிமக் காப்பகங்களும் இவ்விரு நகரங்களின் மாநில நூலகங்களும் இதற்கு உரிய இடங்கள். மூன்றாவது, ஒலிப்பேழைகளை எண்ணிம வடிவுக்கு மாற்றும்போதே அறிவிப்பாளர், நாள், நிலையம், உரிமதாரர் ஆகிய விவரங்களைச் சேர்த்துப் பதிதல்.

கடைசி விவரம் சிறிதாகத் தோன்றினும் முக்கியமானது. ஒரு தமிழ்க் குரலின் பதிவோடு அது எந்த உரிமத்தின் கீழ் ஒலித்தது என்பதும் குறிக்கப்படுமாயின், மொழியைக் குறிக்காத அரசுப் பதிவேடும் எண்ணைக் குறிக்காத சமூக நினைவும் ஒன்றோடொன்று பொருத்தி வாசிக்கத்தக்கனவாகும். அவ்வாறு பொருத்தப்படாதவரை, சிட்னியிலும் மெல்பேர்ணிலும் தமிழ் ஒலிபரப்பு நிகழ்ந்ததற்கு அதைக் கேட்டவர்களே சான்று. அவர்கள் இருக்கும் வரையிலேயே அச்சான்றும் இருக்கும்.